கிளிசரின் இல்லாத அழுகை

முப்பது வருஷத்தில் ராணி, திருடி, பைத்தியம், வக்கீல் என்று அந்த நடிகை கட்டாத வேஷம் இல்லை. அழுகையில் மட்டும் பத்துப் பதினைந்து தினுசு வைத்திருந்தாள். எது வேண்டுமென்று சொன்னால் போதும், குழாயைத் திறந்த மாதிரி கொட்டும்.

இப்போது காலம் மாறிவிட்டதாம். மேக்கப் வேண்டாம், கிளிசரின் வேண்டாம், நடிப்பே வேண்டாமாம். பிறகு நடிகை மட்டும் எதற்கு? அவள் அழுது காட்டிய மூன்று தினுசையும் புது டைரக்டர் ஒதுக்கிவிட்டான்.

"நடிக்காதீங்க மேடம். வீட்ல எப்படி அழுவீங்களோ, அப்படியே அழுங்க."

"அதுக்கென்ன" என்று வாய் சொல்லிவிட்டது. மேக்கப் அறைக் கண்ணாடி முன் உட்கார்ந்தபோது கண்ணைக் கட்டிக் காட்டில் விட்டதுபோல் இருந்தது. உதட்டைக் கடித்தால் ராணி வந்து நின்றாள். மூக்கை உறிஞ்சினால் திருடி வந்தாள். வேறு வழியில்லாமல் தங்கைக்குப் போன் போட்டாள்.

"ஏண்டி, நான் வீட்ல எப்படி அழுவேன்?"

தங்கை சிரிக்கவில்லை.

"என்னைக் கேட்டா எப்படிக்கா? அப்பா செத்த அன்னிக்கு அழுதியே, அது எந்தப் படத்துல வந்ததுன்னு நானும் அம்மாவும் இன்னும் யோசிச்சுக்கிட்டுத்தான் இருக்கோம்."