கை குலுக்கும் வரிசை

ஜப்பானில் பாட்டுக் குழுப் பெண்களுக்கு எழுதாத சட்டம் ஒன்று உண்டாம்: காதலன் கூடாது. ஒவ்வொரு ரசிகனும் அவளைத் தன்னுடையவள் என்று நினைத்தால்தான் டிக்கெட் விற்கும். நல்ல சட்டம்தான் போங்கள். அதை அப்படியே சென்னையில் இறக்கிய ஒரு கம்பெனியில்தான் தேவயானிக்கு இடம் கிடைத்தது. கூலிக்குக் களை பறிக்கும் வீட்டுப் பெண், போனில் கேட்டுக் கேட்டே ஜப்பானியப் பாட்டுகளை மனப்பாடம் செய்தவள். அத்தை மகன் முருகவேலோடு தை மாதம் திருத்தணி மலைக்கோயிலில் கல்யாணம் என்று பேசி முடித்திருந்ததை மட்டும் கம்பெனியில் மறைத்துவிட்டாள். அவன்மேல் உயிராக இருந்தாள். மேடைமேலும்தான்.

நிகழ்ச்சி அவள் ஊரான திருத்தணிக்கே வந்தது. பாட்டு முடிந்ததும் ரசிகர்கள் வரிசையில் வந்து, ஒவ்வொரு பெண்ணிடமும் கை குலுக்கி, இரண்டு வார்த்தை பேசிவிட்டு நகர வேண்டும். அதுவும் ஜப்பான் வழக்கம். பக்கத்திலேயே மேனேஜர் நவீன்குமார் நின்றார். வரிசையில் முருகவேல், அவன் பின்னால் அவன் அம்மா மனோரமா. தேவயானி மேடைச் சிரிப்போடு கையை நீட்டினாள்.

பிடித்த கையை அவன் விடவில்லை. "சூப்பரா பாடுன தேவயானி. அம்மா அழுதுகினே கேட்டாங்க."

பின்னால் யாரோ ஒருவன் போனில் படம் எடுத்துக்கொண்டிருந்தான்.

"யாரும்மா இவரு?" என்றார் நவீன்குமார்.

"எங்க அண்ணன் சார்."

அந்தக் குடும்பத்தில் முறைப்பையனை நாயே பேயே என்று கூடத் திட்டலாம். விளையாட்டுக்கும் அண்ணன் என்று சொல்லக் கூடாது. சொன்னால் முறை மாறிவிடும், அப்புறம் தாலி ஏறாது. நெல்லைக் கொட்டினால் அள்ளலாம், சொல்லைக் கொட்டினால் அள்ள முடியுமா?

"இன்னாடி சொன்ன?" மனோரமா மகனைத் தள்ளிக்கொண்டு முன்னால் வந்தாள்.

நவீன்குமார் மூவரையும் மாறி மாறிப் பார்த்தார். "அண்ணன்தானங்க?" என்று முருகவேலையே கேட்டார்.

இல்லை என்று அவன் சொன்னால், பெண் ஏதோ உளறிவிட்டாள் என்று பெரியவர்கள் தள்ளிவிடுவார்கள். கல்யாணம் பிழைக்கும், அவளுடைய மேடை போய்விடும். சொல்லிவிட மாட்டானா என்று தேவயானிக்கு ஏக்கமாக இருந்தது. சொல்லிவிடுவானோ என்று பயமாகவும் இருந்தது. அவள் கண்ணில் பயம்தான் தெரிந்திருக்க வேண்டும்.

"ஆங், என் தங்கச்சிதாங்க."

மனோரமா மகன் சட்டையைப் பிடித்தாள். "நீயும் சொல்ட்டியேடா."

"சொல்ட்டேம்மா. வா, பஸ்ஸு போயிடும்."

முதலில் தேவயானிக்கு அப்பாடா என்றுதான் இருந்தது. அழுகை அதற்குப் பிறகுதான் வந்தது. அதற்குள் அடுத்தவன் கையை நீட்டிவிட்டான்.