பாட்டுப் பாட முறைப்படி அனுமதி

ப்ரியம்வதா ஜாஸ் பாடுகிறாள் என்ற செய்தி, 2007 பிப்ரவரியில் ஒரு ஆங்கிலப் பத்திரிகையின் இலவச இணைப்பு மூலமாக ஹப்சிகுடாவில் இருந்த அவள் வீட்டுக்கு வந்து சேர்ந்தது. படத்தில் அவள் பேகம்பேட் உணவகம் ஒன்றில் கண்ணை மூடிக்கொண்டு, மைக்கைக் கடிக்கப் போகிறவள் மாதிரி நின்றிருந்தாள். படத்துக்குக் கீழே ‘நகரத்தின் சுயேச்சையான சோல், ஜாஸ் குரல்’ என்று போட்டிருந்தது.

அவளுடைய அப்பா அனந்தராமன் அதை இரண்டு தடவை படித்தார். பாதுகாப்புத் துறை ஆய்வுக்கூடம் ஒன்றில் முப்பத்திரண்டு வருட சர்வீஸ். ஸ்கூட்டர் வாங்கியபோதுகூட மேலதிகாரிக்கு எழுதிப் போட்டு, அனுமதி வந்த பிறகுதான் அதில் பெட்ரோல் ஊற்றியவர். ஆகவே மகளிடம் வேறு எந்தத் தகப்பனுக்கும் தோன்றாத கேள்வியைக் கேட்டார்.

“ஆபீஸ்ல பர்மிஷன் வாங்கினியோடி?”

“வெள்ளிக்கிழமை வேலை முடிஞ்சு பாடறதுக்கு எவன்கிட்டப்பா பர்மிஷன்?”

“சுயேச்சைன்னு போட்டிருக்கான். வேலையில இருக்கறவ எப்படிடி சுயேச்சையா இருக்க முடியும்?”

அம்மா நீலாவின் கவலை வேறு. “கையில்லாத அந்தச் சட்டையை எப்போ வாங்கினே?” என்றாள்.

ப்ரியம்வதாவுக்கு இருபத்தாறு வயது. பேகம்பேட் மென்பொருள் கம்பெனி ஒன்றில் பிறர் எழுதிய நிரல்களில் தப்புக் கண்டுபிடிக்கும் வேலை. உட்காரும் நாற்காலி, கழுத்தில் தொங்கும் அட்டை, தினமும் காலையில் அள்ளிக்கொண்டு போகும் கேப் எல்லாம் கம்பெனியுடையவை. அவளுடையது என்று உலகத்தில் இருந்தது ஐந்து பாட்டு. அவளே எழுதி, அவளே மெட்டமைத்து, உப்பலில் பக்திப் பாடல்கள் பதிவாகும் ஸ்டுடியோவில் ஞாயிற்றுக்கிழமைகளில், வெங்கடேஸ்வரருக்கும் சாய்பாபாவுக்கும் நடுவே கிடைத்த இடைவெளிகளில் பதிவு செய்தவை. ஜூனில் குறுந்தகடாக வெளியிட வேண்டும். அதற்கு மேல் வாழ்க்கையில் எதையும் அவள் யோசித்து வைக்கவில்லை.

ஐந்தில் உயிரான பாட்டு ‘நக்கோ’. மாப்பிள்ளை வேண்டுமா, அமெரிக்கா வேண்டுமா, தவணையில் ஃப்ளாட் வேண்டுமா என்று ஆங்கிலத்தில் கேள்வி கேட்டுக்கொண்டே போகும். ஒவ்வொன்றுக்கும் பதில், ஊர் ஆட்டோக்காரர் சொல்கிற அதே ‘நக்கோ’. வேண்டாம், அவ்வளவுதான். கடைசி நக்கோவை அவள் பதினோரு ஸ்வரத்துக்கு இழுத்தபோது, பக்திப் பாடல்களுக்கே டிரம்ஸ் வாசித்துப் பழகியவர் குச்சியைக் கீழே வைத்துவிட்டார்.

அனந்தராமன் விண்ணப்பம் தயாரித்தார். ‘பொருள்: பணி நேரத்துக்குப் பின் ஜாஸ் மற்றும் சோல் இசை பாட அனுமதி கோருதல், தொடர்பாக.’ பாட்டுகளின் பட்டியல் இணைப்பு ஒன்று. மகள் அதைக் கொடுக்க மாட்டாள் என்று தெரிந்ததால் தானே பேகம்பேட் போய்க் கொடுத்தார். பெற்றுக்கொண்டதற்கு முத்திரை கேட்டார். அந்தத் தொழிலின் சரித்திரத்தில் யாரும் அப்படி ஒன்றைக் கேட்டதில்லை. செக்யூரிட்டி யோசித்து, வருகையாளர் முத்திரையைக் குத்திக் கொடுத்தார்.

மூன்றாம் நாள் மனிதவளத் துறையின் ஸ்ரீகாந்த் அவளைக் கூப்பிட்டார். அவருடைய விசிட்டிங் கார்டில் ‘மகிழ்ச்சித் தலைவர்’ என்று ஆங்கிலத்தில் அச்சிட்டிருந்தது. முகத்தில் அதற்கான ஆதாரம் எதுவும் இல்லை.

“ப்ரியா, அப்பா லெட்டர் மட்டும் வரலைன்னா எங்களுக்குத் தெரிஞ்சே இருக்காது! கான்ட்ராக்ட் பதினாலாவது பாயின்ட் பாத்தியா? வேலையில இருக்கும்போது நீ உருவாக்கற எதுவும் கம்பெனி சொத்து. ஸோ, இது நம்ம பாட்டு.”

“நம்ம பாட்டா?”

“ஆமாம்மா! ஜூன்ல ஆண்டு விழா, கம்பெனி பேர்லயே ரிலீஸ். ஒரே ஒரு சின்ன மாற்றம். ‘நக்கோ’ ரொம்ப நெகட்டிவா இருக்கு. கிளையன்ட்கிட்ட நாம நோ சொல்றதே இல்லையே? ‘ஹவ்’னு மாத்திடு. அதுவும் லோக்கல் வார்த்தைதான், சரின்னு அர்த்தம். ரெண்டு ஹவ் போட்டா மீட்டரும் உதைக்காது.”

அன்று மாலையே அவள் ராஜினாமா கொடுத்தாள். ஸ்ரீகாந்த் வருத்தத்தோடு ஏற்றுக்கொண்டார். “நீ போகலாம். பாட்டு போகாது. கேடி முடிச்சுக் கொடுத்துடு.”

கேடி, அதாவது ‘நாலெட்ஜ் டிரான்ஸ்ஃபர்’, அந்த வட்டாரத்துச் சடங்கு. வேலையை விடுகிறவர் தனக்குத் தெரிந்ததையெல்லாம் அடுத்தவருக்குக் கற்றுக்கொடுக்க வேண்டும். புரிந்தது என்று அடுத்தவர் கையெழுத்துப் போட்டால்தான் விடுவிப்புக் கடிதம் கிடைக்கும். பாட்டு கம்பெனி சொத்து என்றானதால் பாட்டுக்கும் கேடி. பெற்றுக்கொள்ள நியமிக்கப்பட்டவன் அச்யுத். நாலு மாதமாக வேலை ஒதுக்கப்படாமல் இருந்தான். ஒரு தடவை கேன்டீனில் ஏதோ முணுமுணுத்ததை ஸ்ரீகாந்த் கேட்டிருக்கிறார். தகுதி போதுமானது.

பத்து நாள், தினமும் மூன்று மணிக்கு, கண்ணாடி அறையில் வகுப்பு. அச்யுத் செகந்திராபாத்தில் பிறந்து வளர்ந்தவன். தமிழ் வீட்டோடு சரி.

“அக்கா, இங்க ‘ம்ம்ம்’னு வருதே, அது மேண்டேட்டரியா, ஆப்ஷனலா?”

“தோணினா வரும்டா.”

“தோணலைன்னா?”

“வராது.”

‘நிபந்தனை தெளிவாக இல்லை’ என்று எழுதிக்கொண்டான். “அப்புறம், தாளத்துக்குக் கொஞ்சம் பின்னாடியே வரீங்க. எத்தனை மில்லிசெகண்ட் டிலே?”

“அது டிலே இல்ல. அப்படித்தான் பாடணும்.”

“கைக்கு? ஏன் அப்படி? கரெக்ட் டைமுக்கு வந்தா நல்லதுதானே அக்கா?”

அவள் எதையும் ஒளிக்கவில்லை. மூச்சு எங்கே, குரல் எங்கே உடைய வேண்டும், எந்த வரியில் யாரை நினைத்துக்கொள்வாள் என்பதுவரை சொன்னாள். யாரை என்பதையும் அவன் எழுதிக்கொண்டான். ‘நக்கோ’வை அவன் பாடினால் மேனேஜரிடம் அரைநாள் லீவு கேட்பது போல இருந்தது. ஆனால் ‘ஹவ் ஹவ்’ என்று மாற்றிக் கொடுத்ததும் கணீரென்று, மனதார, தாளம் பிசகாமல் பாடினான். அப்போதுதான் அவளுக்கு முதல் தடவையாக உறைத்தது. இவன் கையெழுத்துப் போட்டுவிடுவான். ஜூனில் எண்ணூறு பேர் பனீர் வரிசையில் நின்றபடி இதைத்தான் கேட்பார்கள். இதுதான் பாட்டு என்று ஆகிவிடும்.

பத்தாம் நாள் மட்டும் காலை எட்டு மணிக்கே அரங்கேற்றம். வெள்ளைக்காரர்களிடம் எடுபடுமா என்று பார்க்க, ஸ்ரீகாந்த் ஒஹையோவில் இருந்த கிளையன்டைக் கான்ஃபரன்ஸ் போனில் பிடித்து வைத்திருந்தார். அச்யுத் எழுந்து நின்று, ஐந்து பாட்டையும் ஆவணத்தில் கண்டபடி பாடினான். கடைசி ஹவ் பதினோரு ஸ்வரத்துக்கும் போய்த் திரும்பியது.

கிளையன்ட் போனில் மிகவும் மரியாதையாகக் கேட்டார்: அங்கே யாருக்காவது உடம்பு சரியில்லையா? பிறகு கூப்பிடட்டுமா?

மகிழ்ச்சித் தலைவருக்குப் பழைய முகம் திரும்பியது. கிளையன்ட் முகம் சுளித்த எந்தச் சொத்தையும் அந்தக் கம்பெனி ஒரு நாளுக்கு மேல் வைத்துக்கொண்டதில்லை. மாலைக்குள் கடிதம் தயார். மேற்படி ஐந்து பாடல்களும் பரிசீலிக்கப்பட்டன. வணிகப் பயன் ஏதும் இல்லை. அவற்றின் மீது கம்பெனிக்கு இனி எந்த உரிமையும் கிடையாது.

“சாரி ப்ரியா,” என்றார் ஸ்ரீகாந்த். “மனசுல வெச்சுக்காதே. உன் பாட்டு நன்னாத்தான் இருந்திருக்கும்.”

ப்ரியம்வதா கடிதத்தை வாங்கிக்கொண்டு படி வழியாகவே ஓடினாள். லிஃப்ட் வருவதற்குள் அவர் மனசு மாறிவிடலாம்.

வீட்டில் அனந்தராமன் கடிதத்தைக் கண்ணாடி போட்டுக்கொண்டு படித்தார். “பாத்தியா? எழுதிக் கேட்டதனாலதான் எழுத்துல வந்தது” என்றார். மகள் பார்த்த பார்வையில் அடுத்த வாக்கியத்தை மட்டும் விழுங்கிவிட்டு, நகலெடுக்கக் கிளம்பினார்.

மறுநாள் காலை அவள் உப்பலில் குறுந்தகட்டு உறை அச்சடிக்கும் ராஜாராமனிடம் போனாள். பாடல், இசை, குரல் என்ற மூன்று இடத்திலும் அவள் பெயரைப் போட்டுவிட்டு, அவர் திரையிலிருந்து தலையைத் தூக்கினார்.

“கம்பெனி பேரு என்னம்மா போடணும்?”

“கம்பெனி கிடையாது.”

“காலியா விட்டா நன்னாருக்காதும்மா. டிசைன்ல அங்க கட்டம் இருக்கு.”

“அங்கேயும் என் பேரையே போடுங்க” என்றாள் ப்ரியம்வதா.