பச்சைச் சுவருக்குக் கடைசிக் காலை

இரண்டாவது மாடி டைரக்டர் வீட்டு ஹாலில் ஐந்து வருஷமாக ஒரே சுவர், ஒரே சோபா, ஒரே திரைச்சீலை. சுவர் வெளிறிய பச்சை. மூலையில் ஈரம் கசிந்த கறை. எதையும் மாற்றக்கூடாது, கன்டினியூட்டி போய்விடும். அதாவது, அன்றைக்குப் படத்தில் இருந்த பஞ்சு பிதுங்கிய சோபா இன்றைக்கும் படத்தில் இருந்தாக வேண்டும். கட்டடத்தில் அந்த வார்த்தை தெரியாதவர் கிடையாது. அவர் மனைவி மாடிப்படியில் நின்று சொல்லிச் சொல்லி மாய்ந்த வார்த்தையாயிற்றே.

மனிதர் செய்யாத வேலை இல்லை. டிவி தொடர்களில் டாக்டராக வந்து உதட்டைப் பிதுக்குவார். இருமல் மருந்து விளம்பரத்தில் இருமுவார். அடுத்தவர் படத்துக்கு வசனம் எழுதுவார், பெயர் வராது. சொந்தமாக இரண்டு படம் எடுத்தார். பார்த்தவர்களை ஒரே பஸ்ஸில் ஏற்றிவிடலாம், சீட்டும் மிஞ்சும். மூன்றாவதை ஞாயிற்றுக்கிழமைகளில் சொந்த ஹாலிலேயே எடுத்துவந்தார். கதை, வசனம், டைரக்ஷன், கதாநாயகன் எல்லாம் அவரே. கதாநாயகி மனைவி, வேறு யார் வருவார்கள்?

மிச்சம் ஒரே காட்சி. மனைவி நான்கு பக்கம் பேசிவிட்டு வீட்டைவிட்டுப் போக வேண்டும். அதற்குள் வீட்டுச் சொந்தக்காரர் கட்டடம் முழுக்க பெயின்ட் அடிக்க ஆள் விட்டுவிட்டார். பத்து மணிக்கு இந்த ஹால். கேமராமேனுக்கு வேறு வேலை. கேமராவை மட்டும் அனுப்பியிருந்தார்.

ஒன்பது மணிக்கே மேஸ்திரி வாளியோடு வாசலில் நின்றார்.

"சார், டிவில வர்ற டாக்டர் நீங்கதானே? உங்க மூஞ்சியப் பாத்தாலே எங்க வீட்டுல அழ ஆரம்பிச்சிடுவாங்க. நீங்க வந்தா யாரோ காலின்னு அர்த்தம்."

"பத்து மணி வரைக்கும் விடுங்க மேஸ்திரி, புண்ணியமாப் போகும்."

டைரக்டர் கேமரா பட்டனை அழுத்துவார், ஓடிப்போய் நாற்காலியில் உட்காருவார், மனைவி பேசி முடித்ததும் ஓடிவந்து மறுபடி அழுத்துவார். மூன்று தடவை.

"ஏங்க, அழணுமா வேண்டாமா? ஒண்ணச் சொல்லுங்க."

"அழுகை வரணும்மா. ஆனா வரக்கூடாது."

"அது எப்படி? நீங்க பண்ணிக் காட்டுங்க."

பண்ணிக் காட்டினார். வாசலில் மேஸ்திரிக்குச் சிரிப்பு தாங்கவில்லை.

மத்தியானத்துக்குள் சுவர் பால் வெள்ளை. டைரக்டர் படுக்கையறையில் உட்கார்ந்து, எடுத்ததைப் போட்டுப் பார்த்தார். காலையில் சரிபார்க்க ஓடவிட்ட கேமராவை நிறுத்த மறந்திருக்கிறார். அதற்கப்புறம் 'ஸ்டார்ட்' சொல்லி அழுத்தியபோதெல்லாம் கேமரா நின்றிருக்கிறது. 'கட்' சொல்லி அழுத்தியபோது ஓடியிருக்கிறது. நான்கு பக்க வசனம் ஒரு தடவைகூடப் பதிவாகவில்லை. நடுநடுவே விட்ட இடைவெளிதான் ஒழுங்காகப் பதிவாகியிருந்தது.

கடைசி இடைவெளி. அவருடைய குனிந்த முதுகு குறுக்கே போகிறது. பிறகு மனைவி மட்டும். கூந்தலை அவிழ்த்து முடிந்துகொள்கிறாள். கறையையே பார்க்கிறாள். "இதோட அஞ்சு வருஷம் குடித்தனம் பண்ணியாச்சு" என்று யாருக்கோ சொல்கிறாள். "முடிஞ்சுதா? நான் போகலாமா?" எழுந்து போய்விடுகிறாள். சுவர் மட்டும் நிற்கிறது.

மனைவியைக் கூப்பிட்டு, மென்று விழுங்கி, நடந்ததைச் சொன்னார்.

"திரும்பப் பச்சை அடிக்கச் சொல்லப் போறீங்களா? சொன்னீங்க, நிஜமாவே கிளம்பிடுவேன்."

"இல்லம்மா. இதையே வெச்சுக்கலாமான்னு கேக்கறேன். நீ வேண்டாம்னா வேண்டாம்."

அவள் இன்னொரு தடவை போடச் சொல்லிப் பார்த்தாள்.

"இவ்வளவு ஓய்ஞ்சு போயா இருக்கேன் நான்?"

அவர் படத்தை நிறுத்தக் கை நீட்டினார்.

"வெச்சுக்கங்க. இன்னொரு டேக்குனு மட்டும் வந்து நிக்காதீங்க."

அதைப் படத்தின் கடைசியில் ஒட்டி ஓட்டிப் பார்த்தார். ஐந்து வருஷக் கதாநாயகனுக்கு அதில் முதுகு மட்டும்தான். வசனகர்த்தாவுக்கு ஒரு வரிகூட இல்லை. முதுகையாவது வெட்டிவிடலாமா என்று யோசித்தார். அதற்கும் தெம்பில்லாமல், பெயின்ட் வாடையில் அப்படியே சாய்ந்து கண்ணை மூடிக்கொண்டார்.