முத்துப்பேச்சி யாரோடு சாப்பிட்டாள்

முத்துப்பேச்சி யாரோடு உட்கார்ந்து சாப்பிடுகிறாளோ, அந்த வீட்டாரின் முகச்சாயல் அவளுக்கு வந்துவிடும். அடுத்த சாப்பாடு வரைக்கும் இருக்கும். சாந்தன்பாறை ஏலத்தோட்டத்துக் கூலியாட்கள் குடியிருந்த லயத்தில் இதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அங்கே ஆறு மாதம் மழை பெய்யும், அட்டை கடிக்கும், இவளுக்கு முகம் மாறும். பெற்றவள் மூக்கம்மாள் நாற்பது நாள் ஆகும் முன்பே காய்ச்சலில் போய்விட்டதால், லயத்தின் பதினோரு வீடும் வீட்டுக்கு ஒரு நாளாகப் பிள்ளையை வளர்த்தன. ஒரு நாள் குருவம்மாளின் சப்பை மூக்கோடு பள்ளிக்கூடம் போவாள். மறுநாள் இருதயம்மாள் வீட்டுத் தெற்றுப்பல் இருக்கும். புதிதாக வந்த கங்காணி ராக்கப்பன் ஆள் கணக்கு எடுக்கும்போது, "இது யாரு புள்ள?" என்று கேட்டார். பதினோரு பெண்களும் "எம் புள்ளதான்" என்றார்கள். அவர் பிள்ளையின் முகத்தைப் பார்த்து, அன்று காலை கஞ்சி ஊற்றிய வீட்டின் பெயரில் எழுதிக்கொண்டார்.

கல்யாணம்தான் கூடிவரவில்லை. பெண் பார்க்க வந்தவர்களோடு ஒரு வாய் சாப்பிடாமல் இருந்தால் மரியாதை இல்லை. சாப்பிட்டு முடிப்பதற்குள் மாப்பிள்ளைக்குக் கூடப்பிறந்தவள் போல ஆகிவிடுவாள். ஏழாவதாக வந்த கம்பத்துக்காரன், "தங்கச்சி கழுத்துல எப்படித் தாலி கட்டுவேன்?" என்று கண்கலங்கி எழுந்து போனான். போனவன் அடுத்த பொங்கலுக்கு அண்ணன் சீராக ஒரு சேலை அனுப்பினான். அந்தச் சேலையைக் கட்டிக்கொண்டு அவள் ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபதாம் வருடம் வட்டவடைக்கு ஜீப் ஏறினாள். அங்கே பூண்டு நட்டாள், காந்தலூரில் முட்டைக்கோஸ் வெட்டினாள், உடுமலை வழியாக இறங்கி, எழுபத்திரண்டில் கடலைக்காய் பறிக்கும் ஆட்களோடு கொழிஞ்சாம்பாறைக்கு வந்து சேர்ந்தாள்.

அங்கே தோட்டத்துச் சொந்தக்காரர் அர்த்தநாரி. அவர் மனைவி கமலாத்தாள். இவர்களுடைய ஒரே மகள் மருதாத்தாள் மஞ்சள்காமாலையில் இறந்து நாலு வருடம் ஆகியிருந்தது. ஒரு மத்தியானம் மழை பிடித்துக்கொள்ள, நனைந்து நின்ற முத்துப்பேச்சியைக் கமலாத்தாள் உள்ளே கூப்பிட்டுத் தன் பக்கத்திலேயே உட்காரவைத்துச் சோறு போட்டுத் தானும் சாப்பிட்டாள். முத்துப்பேச்சி மோருக்குக் கை நீட்டியபோது கமலாத்தாள் திரும்பிப் பார்த்தாள், பக்கத்தில் மருதாத்தாள் இருந்தாள். ஊற்றிய மோர் தட்டைத் தாண்டி வழிந்தது.

"இது சாப்பாட்டுல வர்ற சாயலும்மா" என்றாள் முத்துப்பேச்சி. "வேற ஆளோட சாப்பிட்டா போயிரும்."

"அப்ப வேற யாரோடயும் சாப்புடாத சாமி."

சாப்பிடவில்லை. இரண்டரை வருடம், மூன்று வேளையும், கமலாத்தாளோடு மட்டும். மருதா என்று கூப்பிட்டால் ஏனென்று கேட்டாள். இறந்தவளின் ரவிக்கைகள் அவளுக்கு அளவெடுத்துத் தைத்தவை போலப் பொருந்தின. விசேஷ வீடுகளில் பந்திக்குக் கூப்பிட்டால் வயிற்றுவலி என்று சொல்லிவிடுவாள்.

எழுபத்தைந்தில் மெட்ராஸிலிருந்து சினிமாக்காரர்கள் வந்து அர்த்தநாரியின் தென்னந்தோப்பில் படம் எடுத்தார்கள். கதாநாயகனுக்கு அம்மாவாக நடிக்க வேண்டிய நடிகைக்குப் பொன்னுக்கு வீங்கி வந்து கன்னம் உப்பிவிட்டது. கடலைக்காய் ஆட்கள் சொன்னதைக் கேட்டு மேக்கப்காரர் சுவக்கீன் வீட்டுக்கே வந்தார். கதாநாயகனோடு ஒரு வேளை சாப்பிட முடியுமா என்று கேட்டார். முத்துப்பேச்சி கமலாத்தாளைப் பார்த்தாள்.

"போய்ச் சாப்ட்டுட்டு வா. அவனும் யாரு பெத்த புள்ளையோ."

ரசத்துக்கு வரும்போதே அவன் மூக்கும் கன்னமும் அவளுக்கு வந்துவிட்டன. நரையையும் சுருக்கத்தையும் சுவக்கீன் போட்டார். கதாநாயகன் வசனத்தை மறந்து, தன் சொந்த அம்மாவைக் கூப்பிடுவது போலக் கூப்பிட்டு அழுதான். டைரக்டர் அதையே வைத்துக்கொண்டார். மெட்ராஸுக்கும் வரச் சொன்னார்.

"நான் போனா உங்களுக்கு யாரும்மா இருக்கா?"

கமலாத்தாள் கடலைக்காய் உரித்துக்கொண்டே சொன்னாள். "ரெண்டர வருசம் எம்புள்ள மூஞ்சியப் பாக்க உட்டே. ஊருல ஒரு விருந்துச் சோறு உனக்கு இல்லாமப் பண்ணிட்டேன். போய்ட்டு வா அம்மிணி."

கோடம்பாக்கத்தில் நாலு வருடத்தில் அவள் பத்தொன்பது பேருக்கு அம்மா, ஆறு பேருக்கு அக்கா, மலையாளப் படம் ஒன்றில் இரட்டையருக்கு அத்தை. எந்தக் கம்பெனியிலும் முதல் நாள் விருந்து வைத்துவிட்டுத்தான் கேமராவை வைப்பார்கள். வாடகை அறையில்தான் அவள் பிறந்ததிலிருந்து முதல் தடவையாகத் தனியாகச் சாப்பிட்டாள். கைகழுவிவிட்டுக் கண்ணாடியில் பார்த்தபோது, பக்கத்து அறைக்காரி யாரோ வந்திருப்பதாக நினைத்து, "உள்ள வாங்க" என்றாள். சின்னத் தாடை, இடது புருவம் கொஞ்சம் தூக்கல். அது தன் சொந்த முகம்தான் என்று புரியவே அவளுக்கு இரண்டு நாள் ஆயிற்று.

எழுபத்தொன்பதில் ஒரு காலையில், கடலைக்காய்ப் பையோடு கமலாத்தாள் அந்த அறைக் கதவைத் தட்டினாள்.

"ஏனுங்க, சினிமாவுல நடிக்கற புள்ள இங்கதான இருக்குதுங்க?"

"நாந்தாம்மா."

கமலாத்தாள் வாசலிலேயே நின்று பார்த்தாள். முத்துப்பேச்சிக்கு வெட்கமாகவும் பயமாகவும் இருந்தது. அவசர அவசரமாக உள்ளே போய் இரண்டு தட்டு வைத்தாள். ஒரு வாய் போதும், மருதாத்தாள் வந்துவிடுவாள். கமலாத்தாள் ஒரு தட்டை எடுத்துக் கவிழ்த்தாள்.

"நா ரயில்லயே சாப்ட்டுட்டேன். நீ சாப்புடு."

அவள் கட்டிக்கொண்டு வந்திருந்த புளிசாதப் பொட்டலம் பிரிக்காமல் பையில் கிடந்தது. முத்துப்பேச்சி சாப்பிட்டாள். முகம் மாறவில்லை. கமலாத்தாள் கிட்ட வந்து, தாடையில் ஒட்டியிருந்த பருக்கையை எடுத்துவிட்டு, புருவத்தை விரலால் ஒரு தரம் நீவிப் பார்த்தாள்.

"நல்லாத்தான் இருக்கறே" என்றாள்.

நாலு நாள் தங்கினாள். நாலு நாளும் முத்துப்பேச்சி கைகழுவி எழுந்த பிறகுதான் கமலாத்தாள் தனக்குச் சோறு போட்டுக்கொண்டாள்.