தடுப்புக்கு அந்தப் பக்கம்

ஜேனிஸ் தன் அம்மா ஐவியின் தலையைத் தாங்கிப் பிடித்து ஸ்பூனால் தண்ணீர் புகட்டிக்கொண்டிருந்தபோது, பெரியம்மா வினி மூச்சிரைக்க மாடியேறி வந்தாள்.

"ஆல்ட்விச் சுரங்க ரயில் ஸ்டேஷனை இழுத்துப் பூட்டிட்டாங்கடி! முந்தின ஸ்டேஷன் ஹோபர்ன்லேர்ந்து மழையில நடந்தே வரேன்."

"போன வாரமே மூடிட்டாங்களே பெரியம்மா. லிஃப்ட்டைச் சரிபண்ணக் கட்டுப்படியாகலையாம்."

"அதை எனக்கு யாரு சொன்னா?"

காலையிலிருந்து மூடியே இருந்த ஐவியின் கண்கள் திறந்தன.

"பூட்டிட்டாங்களா? உள்ள இருக்கறவங்க?"

"உள்ள யாரும் இல்லம்மா."

"தடுப்புக்கு அந்தப் பக்கம். அவங்களை மேல கொண்டுவந்தாச்சா?"

எழுந்திருக்கப் பார்த்தாள். தோளில் எலும்பு மட்டும்தான் ஜேனிஸின் கைக்கு அகப்பட்டது. இதயம் இன்றைக்கோ நாளைக்கோ நின்றுவிடும் என்று டாக்டர் சொல்லிவிட்டுப் போயிருந்தார். சாகப்போகிறவர்களுக்குச் செத்தவர்கள் தெரிவார்கள் என்று ஜேனிஸ் கேள்விப்பட்டிருக்கிறாள். அம்மாவுக்குத் தெரிவது யார்? அப்பாவா? பயத்தைவிட அதைத் தெரிந்துகொள்ளும் ஆசைதான் அவளுக்கு அதிகமாக இருந்தது.

"யாரைம்மா கேக்கற?"

வினி ஈரக் கோட்டோடு கட்டிலில் உட்கார்ந்தாள். "அந்தச் சிலைங்களைக் கேக்கறா. யுத்தத்துல லண்டன் மேல குண்டு போட்டப்போ நாங்கல்லாம் அந்த பிளாட்பாரத்துலதான் படுப்போம். மியூசியத்துச் சிலைங்களையும் சுரங்கத்துல கொண்டுவந்து வச்சிருந்தாங்க. நடுவுல ஒரு பலகைத் தடுப்பு. கல்லு மனுஷங்க தூங்கறாங்க, சத்தம் போடாதீங்கன்னு எங்கம்மா எங்களை அதட்டுவாங்க. இவளுக்கு அப்போ ஆறு வயசு. நம்பிட்டா."

"குதிரையும் இருந்துது," என்றாள் ஐவி. "பசியில இருந்துது. பலகை இடுக்குல சர்க்கரைக் கட்டி போட்டேன். தினம் ஒண்ணு."

வினி சட்டென்று நிமிர்ந்தாள்.

"எந்தச் சர்க்கரை? ரேஷன் சர்க்கரையா?"

ஐவி கண்ணைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள்.

"அடிப்பாவி! அதைத் திருடினேன்னு அம்மா எல்லார் முன்னாடியும் என்னை விளாசினாங்க. நான் எடுக்கலைன்னு கத்தறேன், நீ பக்கத்துல போர்வையைப் போத்திக்கிட்டுப் படுத்திருந்தே! சாகறவரைக்கும் அம்மா என்னை நம்பலையேடி!"

"சொன்னா நிறுத்திடுவாங்கக்கா," என்றாள் ஐவி. "அப்புறம் அந்தக் குதிரை என்ன செய்யும்?"

ஜேனிஸுக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டாள். அம்மா பிடிவாதக்காரி என்று அவளுக்குத் தெரியும். ரகசியக்காரி என்று தெரியாது. இன்னும் என்னென்ன இருக்கும் என்று அந்த முகத்தையே பார்த்தாள்.

"எல்லாரையும் அப்பவே மேல கொண்டுவந்துட்டாங்கம்மா. மியூசியத்துல இருக்காங்க. ஸ்கூல்லேர்ந்து கூட்டிட்டுப் போனப்போ நான் பாத்தேன்."

"குதிரையும்?"

"குதிரையும்."

"மெலிஞ்சிருந்துதா?"

ஜேனிஸ் யோசித்தாள். விடைத்த மூக்கும் அகன்ற தாடையுமாக ஒரு குதிரைத் தலை நினைவில் வந்தது.

"இல்லம்மா. நல்லா கொழுகொழுன்னு இருந்துது."

ஐவி தலையசைத்தாள். அக்காவின் பக்கம் கையை நகர்த்தினாள். வினி உடனே பிடித்துவிடவில்லை. ஈரக் கோட்டைக் கழற்றி மடித்து நாற்காலியில் போட்டாள். அதற்குப் பிறகுதான் பிடித்தாள்.

மழை விட்டபின் ஐவியின் மூச்சுகளுக்கு நடுவே இடைவெளி நீண்டுகொண்டே போனது. ஓர் இடைவெளி முடியவே இல்லை. கீழ்வீட்டு ரேடியோவில் யாரோ பந்தயக் குதிரைகளின் பெயர்களை வாசித்துக்கொண்டிருந்தார்கள். ஜேனிஸ் போய் ஜன்னலைச் சாத்தினாள்.

டாக்டருக்கு போன் பண்ணிவிட்டு அவள் திரும்பி வந்தபோது வினி கையில் சீப்பை வைத்துக்கொண்டு நின்றிருந்தாள்.

"வகிடு எந்தப் பக்கம்டி எடுப்பா?"

ஜேனிஸுக்குச் சொல்லத் தெரியவில்லை.

வினி இடதுபக்கம் வகிடெடுத்துச் சீவினாள். சற்றுத் தள்ளி நின்று பார்த்தாள். பிறகு விரல்களால் கலைத்துவிட்டு, வலதுபக்கம் எடுத்தாள்.