சாரத்தில் தொங்கிய சிவப்பு அட்டை

சோலையப்பனுக்கு எவனையும் நம்பிப் பழக்கமில்லை. நம்பாததால்தான் இருபத்திரண்டு வருஷம் வளைகுடாவில் சாரம் கட்டியும் கைகால் முழுசாக இருந்தது.

ஷார்ஜா பாலைவனத்தில் ஜப்பான்காரர்கள் படம் எடுத்தார்கள். நாற்பதடி சாரம் அவன் கட்டியது. உச்சியிலிருந்து கயிற்றைப் பிடித்துத் தாவப் போகிறவர் மொரிசாகி. வயசு அறுபத்தொன்று.

"டி.வி.யில பன்னெண்டு வருஷம் முகமூடிக்குள்ள கிடந்து சண்டை போட்டவர்ணே," என்றான் உதவி இயக்குநர் பாஸ்கர், மதுரைக்காரன். "பேரெல்லாம் வேறொருத்தனுக்கு. அப்புறம் அடிவாங்குற வில்லன். இப்பத்தான் மூஞ்சி தெரியத் தாவப் போறார்."

"தாவட்டும். சங்கு ஊத ஆள் சொல்லியாச்சா?"

"வாயைக் கழுவுங்கண்ணே!"

டீ வந்தது. மொரிசாகி இரண்டு உள்ளங்கையாலும் கப்பை இடுக்கித் தூக்கினார்.

"ஜப்பான் மரியாதையைப் பாருங்க," என்றான் பாஸ்கர்.

மரியாதையாவது மண்ணாவது. வலது கையில் மூன்று விரல் மடங்கவில்லை. சோலையப்பன் கவனித்ததை அவரும் கவனித்துவிட்டார். உதட்டின்மேல் விரலை வைத்தார். கெஞ்சுவதுபோல் தலை குனிந்தார்.

சொன்னால் மனுஷன் பிழைப்பு போச்சு. சொல்லாவிட்டால் மனுஷனே போச்சு.

சோலையப்பன் மேலே ஏறி குழாய்களைப் பூட்டும் ஒரு கிளாம்பைத் தளர்த்தினான். இறங்கி, அடியில் தொங்கிய பச்சை அட்டையைக் கழற்றிவிட்டுச் சிவப்பை மாட்டினான். சிவப்பு தொங்கினால் எவனும் ஏறக்கூடாது.

"கிளாம்பு போச்சு. இன்னைக்கு ஆகாது."

நாளைக் காலை அவர்களுக்கு விமானம். தாவாமலே படம் முடியும், மானமும் தப்பும் என்று கணக்குப் போட்டான்.

மொரிசாகிக்கு முகம் சிவந்தது. அதுவரை அவரை மேலே தூக்கிவிட்ட கிரேன்காரன், "சிவப்பு அட்டை பாய், கலாஸ், முடிஞ்சது," என்று கையை விரித்தான். அவர் அட்டையைத் தட்டிவிட்டு ஏணியைப் பிடித்தார். மூன்றாம் படியில் வலது கை வழுக்கியது. மறுபடி பிடித்தார். மறுபடி வழுக்கியது. எல்லோரும் பார்த்தார்கள்.

இயக்குநர் அவரைத் திட்டவில்லை. ஒரு இளவட்டத்தைக் கூப்பிட்டு, முகமூடி கொண்டுவரச் சொன்னார்.

"அண்ணே, இவன் தாவணும். சாரம் ஆகுமா?" என்றான் பாஸ்கர்.

சோலையப்பன் ஏறி, இரண்டே நிமிஷத்தில் கிளாம்பை இறுக்கிவிட்டு வந்தான்.

"இன்னைக்கு ஆகாதுன்னீங்களே?"

சோலையப்பன் சிவப்பைக் கழற்றிவிட்டுப் பச்சை அட்டையை மாட்டினான்.

மொரிசாகி இளவட்டத்தின் பின்னால் நின்று முகமூடி வாரை இடது கையாலும் பல்லாலும் இழுத்துக் கட்டினார். கட்டி முடித்துத் திரும்பியவர், சோலையப்பன் பக்கம் பார்க்கவே இல்லை.