நான்காவது அப்டேட்

பெனிட்டாவின் தலைக்கு மேலே தெரிகிற பச்சைக் கோடு முப்பத்தேழு சதவீதத்தில் நிற்கிறது, டிவிக்கு அவ்வளவு பக்கத்தில் போய் உட்கார்ந்திருக்கிறாள், இரட்டைச் சடையும் பிறந்தநாள் கவுனின் முதுகுப் பொத்தான்களும்தான் எனக்குத் தெரிகின்றன, கொஞ்சம் தள்ளி உக்காரு பாப்பா, கண்ணு கெட்டுப்போயிரும் என்கிறேன், அவள் திரும்பாமலேயே, மாமா, இது நூறு ஆனா அப்பா பேசுவாங்களா என்கிறாள், ஆமா என்கிறேன். எனக்குப் பின்னால் பிளாஸ்டிக் நாற்காலியில் அவளுடைய அப்பா கிளாட்வின், இருபத்திரண்டு வருடமாக என் சிநேகிதன், கழுத்தைச் சுற்றி வெள்ளைத் துணி, துணிக்குள்ளே ஒரு துளை, அந்தத் துளை வழியாகத்தான் ஐந்தரை வருடமாக மூச்சு விடுகிறான், பேச்சு கிடையாது, மடியில் எழுதி அழிக்கிற சிறு பலகை, கோயிலுக்குப் போய்வந்த சட்டையைக்கூட மாற்றாமல் தலையை மறுபடி ஒருமுறை சீவிக்கொண்டு வந்து உட்கார்ந்திருக்கிறான், யாரோ பெரிய மனிதர் வீட்டுக்கு வரப்போகிற மாதிரி. சற்று முன் பலகையில் கெடச்சிட்டால என்று எழுதிக் காட்டினான், நான் தலையை ஆட்டினேன். அடுப்படியில் அவன் மனைவி மெர்லின் பாயசத்துக்கு முந்திரி வறுக்கிறாள், வாசனை இங்கே வரைக்கும் வருகிறது, டிவிக்குக் கீழே இருக்கிற கேம் பெட்டியில் சொருகியிருக்கிற பென் டிரைவில் இருப்பது அவனுடைய குரல் இல்லை, அது இந்த வீட்டில் எனக்கு மட்டும்தான் தெரியும்.

அவன் குரலைத் தெரியாதவர்கள் ஒரு காலத்தில் தூத்துக்குடியிலேயே குறைவு, உப்பளத்தை ஒட்டிய மைதானத்தில் டென்னிஸ் பந்து டோர்னமெண்ட் நடக்கும்போது பந்தலுக்குள் மைக்கைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பான், வைடு போனால், பேட்ஸ்மேன் நிக்கது இங்கன, பந்து போறது திருச்செந்தூருக்கு என்பான், கேட்ச்சை விட்டவனைப் பார்த்து, அது கையா இல்ல கிழிஞ்ச வலையா தம்பி என்பான், சிக்ஸர் போனால், உப்பளத்துக்குள்ள போயிட்டு, எடுக்கப் போறவன் கால கழுவிட்டு வரணும் என்பான், திட்டு வாங்கியவன்தான் முதலில் சிரிப்பான், ஆட்டத்தைப் பார்க்க வந்தவர்கள் பாதிப் பேர் என்றால் இவன் பேச்சைக் கேட்க வந்தவர்கள் மீதிப் பேர். டீ குடிக்க அவன் எழுந்து போனால் நான் மைக்கை வாங்கி அவன் குரலிலேயே இரண்டு ஓவர் ஓட்டுவேன், மைதானத்தில் ஒருவருக்கும் வித்தியாசம் தெரியாது, அவன் மட்டும் தூரத்தில் டீ கிளாசோடு திரும்பிப் பார்ப்பான், நடந்து வந்து முதுகில் ஒன்று வைத்து, ஏல, என் கொரலயே திருடுதியால என்பான். எனக்கு அதில் ஒரு பெருமை இருந்தது, சொல்லிக்கொள்ள எனக்கென்று வேறு என்ன இருந்தது, கம்ப்யூட்டர் சர்வீஸ் கடை, ஒரு ஸ்க்ரூ டிரைவர் செட், அவ்வளவுதான்.

இந்தப் பெட்டி பழைய ப்ளே ஸ்டேஷன், கப்பலில் வேலை பார்த்த அவன் அக்கா புருஷன் கொண்டுவந்தது, அதன் பூட்டை உடைத்துக் கொடுத்தவன் நான், பூட்டு உடைந்த பெட்டியை நெட்டில் இணைக்கக் கூடாது, இணைத்தால் மறுபடி பூட்டிக்கொள்ளும், அதனால் ஆட்டத்துக்கு வருகிற அப்டேட் ஒவ்வொன்றையும் பென் டிரைவில் கொண்டுவந்து கையால் ஏற்ற வேண்டும், வரிசை தப்பாமல், ஒன்று, அதற்குப் பிறகு இரண்டு, அதற்குப் பிறகு மூன்று, இடையில் ஒன்றைத் தாண்டினால் கறுப்புத் திரையில் நின்றுவிடும். எட்டு வருடத்துக்கு முன்னால் ஒரு மே மாதம், கல்யாணம் ஆகாத கிளாட்வின், இதே அறை, கிரிக்கெட் ஆட்டத்தில் பேசுகிற வெள்ளைக்காரனைச் சகிக்க முடியவில்லை அவனுக்கு, இவன் என்னல, எழவு வீட்டுல பேசுத மாதிரி பேசுதான், இவனத் தூக்கிட்டு என்னப் போடு என்றான், மின்விசிறியை நிறுத்தி ஜன்னலை மூடிப் போர்வைக்குள்ளே மைக்கை வைத்துக்கொண்டு இருவரும் வேர்த்து ஊற்ற ஊற்ற இருநூற்றுப் பன்னிரண்டு வரி பதிவு செய்தோம், நாலு ரன்னுக்கு எந்த எண்ணில் ஒலி இருக்கிறது, அவுட்டுக்கு எந்த எண்ணில் என்று நான் ஒவ்வொன்றாகக் கண்டுபிடித்து வெள்ளைக்காரன் இருந்த இடத்தில் இவனை வைத்தேன், லண்டன் மைதானத்தில் வெள்ளைச் சட்டை போட்ட ஒருவன் அவுட் ஆகிறான், போப்பா, போயி மோரு குடி, வெயிலு பலமா இருக்கு என்கிறான் கிளாட்வின், பாயில் உருண்டு உருண்டு சிரித்தோம், அந்தச் சிரிப்பு இப்போதும் வயிற்றில் எங்கேயோ இருக்கிறது, சிரிப்பாக இல்லை.

அப்போதே அவன் கன்னத்தில் புகையிலைப் பொட்டலத்தை அடக்கியிருப்பான், மைக் முன்னால் உட்கார்ந்தால் அது இல்லாமல் வார்த்தை வராது என்பான், வாங்கிக் கொடுத்ததில் பாதி நான், தொண்டை கம்மியபோது, மைக்குல கத்துனா இப்படித்தான்ல என்று மூன்று மாதம் தள்ளினான், நாலாவது மாதம் மதுரையில் டாக்டர் குரல்வளையை எடுத்தால்தான் ஆள் மிஞ்சும் என்றார், மெர்லினுக்கு வயிற்றில் பிள்ளை நாலு மாதம். ஆபரேஷனுக்கு முந்தின நாள் வார்டில் அவன் கடைசியாக என்னிடம் என்ன பேசினான் என்று யோசித்துப் பார்க்கிறேன், சார்ஜர் கொண்டாந்தியால என்று கேட்டான், அவ்வளவுதான், அதற்கு நான் என்ன பதில் சொன்னேன் என்பதுகூட ஞாபகம் இல்லை, மறுநாள் கண் விழித்துக் கையை நீட்டினான், தண்ணீர் என்று நினைத்து டம்ளரை நீட்டினேன், தள்ளிவிட்டு மறுபடி விரல்களை மடக்கி நீட்டினான், மைதானத்தில் மைக்கைக் கேட்கிற மாதிரி, அது நடந்ததா பிறகு கனவில் வந்ததா என்று இப்போது பிரித்துச் சொல்ல முடியவில்லை, கனவில் மைக் என் கையில்தான் இருக்கிறது, நான் கொடுப்பதில்லை. பெனிட்டா பிறந்தபோது அவன் அவளைத் தூக்கி வாயைத் திறந்தான், காற்றுதான் வந்தது, அதுவும் வாயிலிருந்து இல்லை.

அதற்குப் பிறகு ராத்திரி எல்லோரும் தூங்கியபின் ஹெட்போனை மாட்டிக்கொண்டு தனியாகத்தான் ஆடுவான், பெட்டிக்குள் இருந்த குரலை வீட்டில் வேறு யாரும் கேட்டதில்லை, எட்டு மாதத்துக்கு முன்னால் ஒரு நாள் பலகையில் எழுதினான், புது டீம் போடுல, ரிட்டயர் ஆனவன வச்சே எவ்வளவு நாளு ஆடுதது. அந்த ஆட்டத்தைச் செய்தவர்கள் எப்போதோ கைகழுவிவிட்டார்கள், எங்கேயோ இருக்கிற ரசிகர்கள்தான் புது ஆட்டக்காரர்களைச் சேர்த்து அப்டேட் விடுகிறார்கள், மூன்று சேர்ந்திருந்தன, கொண்டுவந்தேன், ஒன்று ஏறியது, இரண்டு ஏறியது, மூன்றாவது ஏதோ கேட்டது, திரையில் ஆங்கிலத்தில் இரண்டு வரி, படிக்காமல் சரி கொடுத்தேன், ஒரு நாளைக்கு நாற்பது கம்ப்யூட்டரில் படிக்காமல் சரி கொடுக்கிற கை அது, பழைய ஒலி முழுவதும் நீக்கப்படும் என்று எழுதியிருந்தது, பிறகுதான் படித்தேன். ஆட்டம் திறந்தது, புது ஆட்டக்காரன் இறங்கினான், வெள்ளைக்காரன் பேசினான். கிளாட்வின் முதலில் தோள் குலுங்கச் சிரித்தான், கழுத்துத் துணி படபடத்தது, அடுத்த பந்துக்கும் வெள்ளைக்காரன், அதற்கடுத்த பந்துக்கும், அவன் என்னைப் பார்த்தான், கடையில காப்பி இருக்குல, நாளைக்கே போட்டுருதேன் என்றேன், அப்போது அது பொய் இல்லை, இருக்கிறது என்றுதான் நம்பினேன். கடைக்குப் போய்த் தேடினால் இல்லை, ஒரு ஜவுளிக்கடையின் கேமராப் பதிவுகளை வைக்க இடம் போதவில்லை என்று போன வருடம் நானே அழித்திருக்கிறேன், அதில் என்ன இருக்கிறது என்று திறந்துகூடப் பார்க்கவில்லை. வேறெங்கும் இல்லையா என்று தேடினேன், கல்யாண வீடியோவில் அவன் வாய் அசைகிற இடமெல்லாம் பாட்டை ஏற்றி வைத்திருக்கிறார்கள், டோர்னமெண்ட் வீடியோக்களில் குழாய் ஸ்பீக்கரின் இரைச்சல், அவன் பழைய போன் உப்புத் தண்ணீரில் விழுந்து போனது, வாய்ஸ் மெசேஜ் அனுப்புகிற ஆளும் இல்லை அவன், ஒரு வார்த்தை சொல்ல வேண்டுமானாலும் வண்டியை எடுத்துக்கொண்டு நேரில் வந்து கத்துகிறவன். அவனைக் கொன்றது போலத்தான் இருந்தது எனக்கு, நாளைக்கு நாளைக்கு என்று எட்டு மாதம் ஓட்டினேன்.

போன மாதம் மெர்லின் கடைக்கே வந்தாள், வெயிலில் நடந்து வந்த முகம், ஸ்டூலைத் துடைத்துப் போட்டேன், உட்காரவில்லை, அண்ணே, ஸ்கூல்ல ஒரு பிள்ள ஒங்கப்பா ஊமையான்னு கேட்டுட்டாம், இவ அழுதுட்டு வந்தா, இல்லம்மா, அப்பா எப்படிப் பேசுவாங்க தெரியுமா, கேமுக்குள்ள இருக்கு, ஒன் பொறந்தநாளைக்கு மாமா போட்டுத் தருவாங்கன்னு சொல்லிட்டேன் என்றாள், பிறகு குரலைத் தாழ்த்தி, எனக்கே அவங்க கொரலு மறந்துட்டு வருது அண்ணே, பயமா இருக்கு என்றாள். அந்த இடத்தில் சொல்லியிருக்கலாம், அழுதிருப்பாள், என்னை ஏசியிருப்பாள், அதோடு முடிந்திருக்கும், என் வாய், பொறந்தநாளு அன்னைக்கே போட்டுருவோம்மா, கவலப்படாத என்றது. அதன் பிறகு மூன்று மத்தியானம் கடை ஷட்டரை இறக்கிவிட்டு மைக்கை எடுத்தேன், முதல் நாள் என் குரல்தான் வந்தது, கேட்கவே அருவருப்பாக இருந்தது, கன்னத்தில் எதையாவது அடக்கினால் வரும் என்று புளிப்பு மிட்டாயை அடக்கிப் பார்த்தேன், வரவில்லை, கடைசியில் அதே புகையிலைப் பொட்டலத்தை வாங்கி அதே பக்கம் அடக்கினேன், தலை சுற்றியது, வாந்தி வருகிற மாதிரி இருந்தது, வாயைத் திறந்தேன், கிளாட்வின் பேசினான். இருநூற்றுப் பன்னிரண்டில் நூற்று நாற்பது வரிதான் ஞாபகம் இருந்தது, மிச்சத்தை அவன் என்ன சொல்லியிருப்பானோ அதை நானே சொன்னேன், அழுதுகொண்டே சொன்னேன், அழுகை பதிவில் விழுந்த இடங்களை வெட்டி எடுத்தேன், மூன்றாவதற்கு மேலே ஏற்றுகிற மாதிரி ஒரே கட்டாகக் கட்டிப் பெயர் வைத்தேன், நான்கு.

எழுபது, எண்பத்தொன்று, பெனிட்டா ஒவ்வொரு எண்ணையும் சத்தமாகச் சொல்கிறாள், மின்சாரம் போய்விடக் கூடாதா என்று நினைக்கிறேன், இந்த ஊரில் வேண்டாத நேரத்தில் எல்லாம் போகும், இன்றைக்குப் போகவில்லை, நூறு என்று கை தட்டுகிறாள். ஆட்டம் திறக்கிறது, கிளாட்வின் கண்ட்ரோலரை வேட்டியில் துடைத்துக்கொண்டு எடுக்கிறான், முதல் பந்தே வைடு, பேட்ஸ்மேன் நிக்கது இங்கன, பந்து போறது திருச்செந்தூருக்கு என்று டிவி பேசுகிறது, அவன் கட்டைவிரல் அப்படியே நிற்கிறது. அவன் டிவியைப் பார்க்கவில்லை, என்னைப் பார்க்கிறான். முதல் வார்த்தையிலேயே தெரிந்துவிட்டது அவனுக்கு. அடுப்படியில் கரண்டிச் சத்தம் நின்று மெர்லின் ஓடி வருகிறாள், வாசல்படியிலேயே நின்றுவிடுகிறாள், அவங்கதான், அண்ணே, அவங்களேதான், எனக்கு மறந்தே போயிருந்துச்சே என்று சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுகிறாள், நீங்க நல்லா இருப்பீங்க அண்ணே, ஒங்க பிள்ள குட்டியெல்லாம் நல்லா இருக்கும் என்கிறாள், நான் தரையைப் பார்க்கிறேன், நிமிரும்போது அவன் தன் மனைவி என் குரலுக்கு அழுவதைப் பார்த்துக்கொண்டிருக்கிறான்.

பெனிட்டா திரும்புகிறாள், அப்பா, இது நீங்களா என்று கேட்கிறாள். கிளாட்வின் பலகையை எடுக்கிறான், பேனாவை அதன் மேல் வைக்கிறான், எழுதுல, எழுதித் தொலை என்று எனக்குள்ளே கத்துகிறேன், அவன் எழுதாமல் அவளைப் பார்த்துத் தலையாட்டுகிறான், ஆமாம். ஆமாம் என்று மறுபடி ஆட்டுகிறான். அவள் முகம் விரிகிற விதத்தை நான் சாகிற வரைக்கும் மறக்க முடியாது, மாமா, அப்பாவ இன்னொரு தடவ பேசச் சொல்லுங்க என்று டிவியின் பக்கம் திரும்பிக்கொள்கிறாள், நகர்ந்து நகர்ந்து ஸ்பீக்கருக்கு அருகே போய் உட்காருகிறாள், மறுபடி இரட்டைச் சடை, முதுகுப் பொத்தான்கள், அப்பா, நான் பெனிட்டா, இன்னைக்கு எனக்குப் பொறந்தநாளு என்று டிவியிடம் சொல்கிறாள், சொல்லிவிட்டுக் காத்திருக்கிறாள். பந்து விழுந்தால்தான் டிவி பேசும். கிளாட்வின் பலகையைக் கீழே வைத்துவிட்டு அடுத்த பந்தைப் போடுகிறான், ஒருவன் கேட்ச்சை விடுகிறான், டிவிக்குள்ளிருந்து நான் திட்டுகிறேன், அவள் விழுந்து விழுந்து சிரிக்கிறாள், என்னப்பா நீங்க இப்படிப் பேசுதீங்க என்று ஸ்பீக்கரைக் கையால் தடவுகிறாள், அவளுக்குப் பின்னால் பிளாஸ்டிக் நாற்காலியில் அவன், திரும்பிப் பார்க்காத அந்த முதுகைப் பார்த்து இன்னமும் தலையை ஆட்டிக்கொண்டிருக்கிறான்.